தரிப்புக் கூவிய அரியரத்தினம்

மொன்றியலில் பஸ்ஸுக்குக் கொண்டக்டர் கிடையாது. அரியரத்தினம் அண்ணையால் இந்த ஒன்றை மட்டும் ஏற்றுக்கொள்ள முடியவில்லை. குளிரை ஏற்றுக்கொண்டார். றெஸ்ரோறன்ற் ஒன்றின் பின்பக்கத்தில் நின்று கோப்பை கழுவுவதையும், ஒரு குசினியில் ஆறு ஆண்கள் முறை வைத்துச் சமைப்பதையும் ஏற்றுக்கொண்டார். பஸ்ஸில் ஏறினால் மட்டும் அவருடைய முகம் மாறிவிடும்.

"ஆரும் கூவாம சனம் எப்பிடி மனே இறங்கும்?" என்று என்னிடம் கேட்பார்.

அவர் ஊரில் கொண்டக்டராக இருந்தவர். மட்டக்களப்பிலிருந்து கல்முனைக்குப் போகிற பஸ்ஸில், வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, ஊர்களின் பெயரைக் கூவியபடி இளமை முழுவதையும் கழித்தவர். எல்லாக் கொண்டக்டர்மாரும் கூவுவார்கள். இவர் அதை இராகத்தில் கூவுவார். கல்லடியில் மெதுவாகத் தொடங்கி, ஆரையம்பதி, தாளங்குடா, கிரான்குளம் என்று ஏறி, குருக்கள்மடத்தில் ஒரு சுற்றுச் சுற்றி, தன்னுடைய ஊரான களுதாவளைக்கு வரும்போது குரலை இறக்குவார். கூத்துக் களரியில் பழகிய தொண்டை. இவருடைய குரல் கேட்ட பிறகுதான் வயலில் நிற்கிறவர்கள் மத்தியானச் சாப்பாட்டுக்குக் கரையேறுவார்களாம். இதை அவர்தான் சொன்னார். பாதியையாவது நம்பலாம்.

ஒரு நாள் அந்த பஸ்ஸை ஆமிக்காரர் மறித்தார்கள். ஆண்களை எல்லாம் இறக்கி வரிசையில் விட்டார்கள். அவரையும் இறக்கினார்கள். அவர் பல மாதங்களுக்குப் பிறகு திரும்பி வந்தார். அவரோடு வரிசையில் நின்ற சிலர் வரவேயில்லை. அதன் பிறகு தகப்பன் சீனித்தம்பி வயலை ஈடு வைத்து மூத்த மகனான இவரை வெளியே அனுப்பினார். மனைவி கமலாவதியும், நடக்கப் பழகிக்கொண்டிருந்த மகள் கிளியும் தகப்பனோடு ஊரிலேயே இருந்தார்கள்.

மொன்றியலின் கோட்-டெ-நெய்ஜ் பகுதியில் எங்கள் வீட்டில் இருந்த மற்றவர்கள் எல்லோரும் யாழ்ப்பாணம். அவர்களில் மூத்தவர் உருத்திரமூர்த்தி. ஊரில் கூட்டுறவுச் சங்கக்கடை மனேச்சர், இங்கே ஆஸ்பத்திரியில் நிலம் துடைப்பவர். ஃபிரிட்ஜுக்கு மேலே பிள்ளையார் படம் வைத்து ஒழுங்காகப் பூப் போடுவார். விரதம், துடக்கு, திவசம் என்று எதற்கும் எங்கள் கட்டிடத்துத் தமிழர் அவரைத்தான் கேட்பார்கள். அவரும் அரியரத்தினம் அண்ணையும் ஒரே வயது. நாள் முழுக்க ஒருவரையொருவர் சீண்டிக்கொண்டே இருப்பார்கள்.

"ஐசே, உங்கட பக்கம் வந்தா மந்திரம் போட்டுப் பாயோட ஒட்டிப்போடுவியளாம், உண்மையோ?" என்று மட்டக்களப்பாரைப் பற்றிய பழைய பகிடியை உருத்திரமூர்த்தி அண்ணை எடுப்பார்.

"ஒட்டுறதெண்டா நல்ல ஆளப் பாத்துத்தான் மூர்த்தி ஒட்டுவம். நீ பயப்பிடாம வா."

கிளிக்குத் தகப்பனின் முகம் தெரியாது. ஒரு பாஸ்போட் படம் இருந்தது. அதைக் காட்டித்தான் கமலாவதி அவளை வளர்த்தாள். மட்டக்களப்பு டவுனில் தெரிந்தவர் ஒருவரின் கடையில் ரெலிபோன் இருந்தது. எப்போதாவது தாயும் மகளும் பஸ் ஏறி அங்கே வருவார்கள், இவர் இங்கிருந்து போன் எடுப்பார். கிளி ஒன்றும் பேசமாட்டாள். மூச்சு மட்டும் கேட்கும். "அப்பாவோட கதை, அப்பாவோட கதை" என்று தாய் தள்ளிவிடுகிற சத்தம் கேட்கும்.

எண்பத்தேழாம் ஆண்டு தைமாதம், ஒரு காலை. நானும் அவரும் உருத்திரமூர்த்தி அண்ணையும் ஒரே பஸ்ஸில் போனோம். சனம் நெருக்கம். எல்லோருடைய மூச்சும் பட்டுக் கண்ணாடிகள் உள்பக்கமாக உறைந்து வெள்ளையாகிவிட்டன. வெளியே எந்த இடம் என்று ஒருவருக்கும் தெரியவில்லை. ஒரு கிழவி நகத்தால் பனியைச் சுரண்டிச் சுரண்டிப் பார்த்தாள். பார்த்து முடிப்பதற்குள் அவள் இறங்க வேண்டிய தரிப்புப் போய்விட்டது. அவள் பிரெஞ்சில் ஏதோ முணுமுணுத்துக்கொண்டு அடுத்ததில் இறங்கினாள்.

அரியரத்தினம் அண்ணை எழுந்து, ட்ரைவரின் உறையாத கண்ணாடியால் வீதி தெரிகிற முன்வாசலுக்குப் போனார். கம்பியைப் பிடித்தார்.

"குயின் மேரீ... லகோம், லகோம், லகோம்... கோட் சாந் கத்ரீன்... வான் ஹோர்ன் இறங்கிறவங்க முன்னுக்கு வாங்க..."

குருக்கள்மடத்துச் சுற்றை அவர் கோட் சாந் கத்ரீனில் போட்டார். பஸ் முழுக்கச் சிரித்தது. கேலிச் சிரிப்பு இல்லை. இரண்டு பேர் கைதட்டினார்கள். ட்ரைவரும் கண்ணாடியில் பார்த்துச் சிரித்தான்.

"எனக்கு இந்த மனிசனைத் தெரியாது," என்று உருத்திரமூர்த்தி அண்ணை என் காதுக்குள் சொல்லிவிட்டுத் தொப்பியைக் கண் வரைக்கும் இழுத்தார்.

பின்னாலிருந்து ஒரு பெண் வந்தாள். பெயர் மிரேய். பல்கலைக்கழகத்தில் சினிமா படிக்கிறவள். பாட்டாலேயே நடக்கிற ஒரு குறும்படம் எடுக்கிறாளாம், பிரெஞ்சில். கதை என்று பெரிதாக இல்லை. இந்த நகரத்தின் ஒரு சாதாரணக் காலை. பஸ்ஸில் ஏறுகிற ஒவ்வொருவரும் தங்கள் வேலையை ஒரு வரியில் பாடுவார்கள்: ஆஸ்பத்திரி ஊழியர், மாணவி, டெப்பனர் என்கிற மூலைக்கடையின் கடைக்காரி, பனி வழிப்பவன். மிரேய் அரியரத்தினம் அண்ணையிடம் ஆங்கிலத்தில் சொன்னாள்: "இவர்களை எல்லாம் இணைக்க ஒரு குரல் இல்லாமல் இருந்தது. அது நீங்கள்தான்."

காசு பற்றி அவள் பேசத் தொடங்க, இவர் தடுத்தார். படம் முடிந்ததும் தனக்கு ஒரு வீடியோ கசெற் தர முடியுமா என்று மட்டும் கேட்டார். ஓம் என்றாள்.

அன்றிலிருந்து அவர் வேறு ஆள். எங்கள் குசினியில் கசெற்றைப் பற்றித்தான் பேச்சு. களுதாவளையில் ஒரு வீட்டில் ரீவியும் கசெற் போடுகிற டெக்கும் ஜெனரேற்றரும் இருந்தன. கசெற் போய்ச் சேர்ந்தால் ஊரே அங்கே கூடும். கிளியை முன்னால் இருத்துவார்கள். "பாஸ்போட் படத்தில நான் கள்ளன் மாதிரி இரிக்கன் மனே. இதில சிரிச்சிக்கிட்டு, பாடிக்கிட்டு வருவன். பிள்ள பாத்தாத்தான என்னோட கதைக்கும்."

முதல் நாள் படப்பிடிப்பு நன்றாகப் போனது. வாடகைக்கு எடுத்த பஸ் ஒன்றில் அவர் கூவினார், மற்றவர்கள் பாடினார்கள். மாசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மிச்சத்தை எடுப்பதாகச் சொன்னார்கள். பஸ்ஸிலிருந்து எல்லோரும் இறங்கி, பனியில் ஆடிக்கொண்டு, அவரவர் வேலைத்தலத்துக்குள் நுழைவதுதான் முடிவு. போகும்போது மிரேய் கண்டிப்பாகச் சொல்லி அனுப்பினாள்: படத்தில் எல்லாம் ஒரே காலை. அதனால் அதே கோட்டு, அதே தொப்பி, அதே முடி, அதே மீசை. எதையும் மாற்றக்கூடாது.

அவருடைய மீசை தடித்தது, இரண்டு பக்கமும் கீழே வளைந்தது. "இதை ஆர் மாத்துவான்?" என்று தடவிக்கொண்டார்.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு முந்தின கிழமை அவர் வீட்டில் தனியாக இருந்த ஒரு மத்தியானம் லண்டனிலிருந்து போன் வந்தது. பேசியவர் தம்பிமுத்து, அவருடைய சித்தப்பா மகன். ஊரிலிருந்து அவருக்குத்தான் முதலில் செய்தி வந்திருக்கிறது. சீனித்தம்பி இறந்துவிட்டார். நெஞ்சில் சளி. ஊரடங்கு போட்டிருந்ததால் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக ஒரு வாகனமும் வரவில்லை. கொள்ளியை இளைய மகன் வைத்தான்.

"மூத்தவன் நீ," என்று தம்பிமுத்து சொன்னார். "அங்க இரிந்தாலும் நீதான் மூத்தவன். தலையும் மீசையும் வழிச்சி முழுகு. எட்டாம் நாள் படையலையும் முப்பத்தொண்டையும் அங்க வச்சிக் குடு."

"ஓம்," என்றார் இவர்.

பிறகு நடந்ததை அவரே எனக்குச் சொன்னார், பல மாதங்களுக்குப் பிறகு. குளியலறைக்குப் போய்ச் சவரக்கத்தியை எடுத்திருக்கிறார். முகத்துக்குச் சவர்க்காரமும் போட்டுவிட்டார். அப்போதுதான் மிரேய் சொன்னது ஞாபகம் வந்தது. தலையை வழித்தால் தொப்பி மறைக்கும். மீசையை என்ன மறைக்கும்? எங்கள் ஆட்களுக்கு இதை விளங்கப்படுத்தத் தேவையில்லை: தகப்பன் செத்தும் மீசையோடு திரிகிற மகனுக்கு ஊரில் என்ன பெயர் என்று எல்லோருக்கும் தெரியும். துடக்கோடு, அந்தச் சாவுத் தீட்டோடு, பாடி ஆடுகிறவனுக்குப் பெயரே கிடையாது. அப்படி ஒருவனை ஒருவரும் கண்டதில்லை.

அவர் கொஞ்ச நேரம் கண்ணாடிக்கு முன்னால் நின்றார். சவர்க்காரம் காய்ந்துவிட்டது. கழுவினார். "அப்பா கோவிக்க மாட்டார் எண்டு நினைச்சன் மனே. அவர்ர பேத்திக்காகத்தானே. ஞாயிறு வரைக்கும்தானே."

எங்களுக்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை. சொன்னால் உருத்திரமூர்த்தி அண்ணை அவரை வாசற்படி தாண்ட விட்டிருக்க மாட்டார். அந்தக் கிழமை மீனும் இறைச்சியும் தொடவில்லை, வயிறு சரியில்லை என்றார். முழுகச் சொல்லியிருந்தார்கள் அல்லவா? "நான் நாள் முழுக்கக் கோப்பைத் தண்ணிக்குள்ளதான நிண்டன்," என்று பிறகு சொல்லிச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை நல்ல வெயில், கொடுமையான குளிர். நாங்கள் எல்லோரும் வேடிக்கை பார்க்கப் போனோம். உருத்திரமூர்த்தி அண்ணையும் வந்தார், கையில் தேத்தண்ணிப் போத்தலோடு. வீதியோரத்தில் ஸ்பீக்கர் வைத்துப் பாட்டைப் போட்டார்கள். பஸ் கதவு திறந்தது. அரியரத்தினம் அண்ணை முதலில் குதித்து, தரிப்பின் பெயரைக் கூவி, பனியில் ஒரு காலைத் தட்டிச் சுழன்றார். அது கூத்து ஆட்டம். அவருக்குப் பின்னால் வெள்ளைக்காரர் எல்லோரும் அதே மாதிரி காலைத் தட்டினார்கள். பார்க்க நன்றாகத்தான் இருந்தது. அதை மறைத்து எழுத எனக்கு விருப்பமில்லை.

மிரேய்க்குப் போதவில்லை. "ஆரி, சிரியுங்கள்," என்று கத்தினாள். "இன்னும் சிரியுங்கள். இது சந்தோஷமான காலை."

அவர் சிரித்தார். திரும்பத் திரும்ப எடுத்தார்கள். ஒவ்வொரு முறையும் சிரித்தார். நாங்கள் கையுறையோடு கைதட்டினோம்.

"ஆள் விளாசுறான்," என்றார் உருத்திரமூர்த்தி அண்ணை. "ஊரில இருந்திருந்தா இவனைக் காசு குடுத்தெல்லோ பாக்க வேணும்."

வீட்டுக்கு வந்ததும் அவர் கோட்டைக் கழற்றாமலே குளியலறைக்குள் போனார். நெடுநேரம் தண்ணீர் ஓடிய சத்தம் கேட்டது. வெளியே வந்தபோது தலையில் ஒரு மயிர் இல்லை. மேல் உதடு வெள்ளையாக, அந்நியமாக இருந்தது. வெட்டுக் காயத்தில் இரத்தம் கசிந்தது.

"அப்பா மோசம் போயிற்றார்," என்றார். "லண்டன்ல இரிந்து அறிவிச்சாங்க."

ஏன் எப்போது என்று நாங்கள் ஒருவரும் கேட்கவில்லை. இப்போதுதான் செய்தி வந்திருக்கிறது என்று நினைத்துக்கொண்டோம். உருத்திரமூர்த்தி அண்ணை அவரைக் கட்டிப்பிடித்து அழுதார். விளக்கு ஏற்றினார். தன் கையால் கஞ்சி வைத்துப் பருக்கினார். "சந்தோஷமா ஆடிப்போட்டு வந்த மனிசனுக்கு இப்பிடி ஒரு சேதி," என்று பக்கத்து வீடுகளுக்கும் போய்ச் சொல்லிவிட்டு வந்தார். அன்றிலிருந்து எட்டாம் நாளை எண்ணி வைத்து, சாமான் பட்டியல்கூடச் சொல்லத் தொடங்கிவிட்டார்.

இரண்டு நாளில் தம்பிமுத்து லண்டனிலிருந்து திரும்பக் கூப்பிட்டார். அரியரத்தினம் அண்ணை வேலையில். போனை எடுத்தது உருத்திரமூர்த்தி அண்ணை.

"எட்டு நல்லா முடிஞ்சுதா எண்டு கேக்கத்தான் எடுத்தன்," என்றார் தம்பிமுத்து.

"இன்னும் வரேல்லையே," என்றார் உருத்திரமூர்த்தி அண்ணை. தம்பிமுத்து நாட்கணக்கைச் சொன்னார். கேட்டுக்கொண்டே நின்றார். ரிசீவரை வைத்துவிட்டு வந்து கதிரையில் இருந்தார். விளக்கை ஊதி அணைத்தார்.

அரியரத்தினம் அண்ணை வந்து சப்பாத்தைக் கழற்றும்போதே உருத்திரமூர்த்தி அண்ணை கேட்டார்.

"ஐசே, கொப்பர் எப்ப செத்தவர்?"

அவருக்கு விளங்கிவிட்டது. "நீ கேட்டிருப்பாய் மூர்த்தி."

"அப்ப ஞாயிற்றுக்கிழமை நீர் ஆடினது துடக்கோட."

"ஓம்."

"தெரிஞ்சுகொண்டு."

"ஓம். பிள்ளைக்கு என்ர முகத்தக் காட்டத்தான்—"

"பிள்ளையைச் சாட்டாதையும். எங்களையெல்லோ நீர் செத்தவீட்டில கைதட்ட வச்சனீர்."

"நீங்க தெரியாமத்தான தட்டினீங்க. பாவம் எனக்குத்தான் மூர்த்தி," என்று மெதுவாகச் சொன்னார்.

"கஞ்சியும் பருக்கினனே," என்று சொல்லிவிட்டு உருத்திரமூர்த்தி அண்ணை எழுந்து போனார். அவருக்கு அதுதான் கூட நொந்தது என்று நினைக்கிறேன்.

கதை கட்டிடம் முழுக்கப் பரவியது. பிறகு கோட்-டெ-நெய்ஜ் முழுக்கப் பரவியது. வெள்ளிக்கிழமைகளில் ஒரு கட்டிடத்தின் நிலவறையில் சாமிப் படங்களை வைத்துப் பஜனை பாடுவோம். அதற்கு முன்குரல் கொடுப்பவர் அரியரத்தினம் அண்ணை. அவரை இனிக் கூப்பிட வேண்டாம் என்று ஒருவரும் சொல்லவில்லை. அவருடைய இடத்தில் வேறொருவர் முன்கூட்டியே வந்து இருந்துவிடுவார், அவ்வளவுதான். "செத்தவீட்டு ஆட்டக்காரன்" என்று பெயர் வைத்தார்கள். அகதியாக வந்து, கூடவே பிறந்த எல்லாவற்றையும் விட்டுவிட்டவர்கள் நாங்கள். பியரும் குடிப்போம், மாட்டிறைச்சியும் சாப்பிடுவோம். தாய் தகப்பனின் திவச நாள் தெரியாமல் போனவர்களும் இருந்தார்கள். ஆனால் ஒருவர் பிடிபட்டவுடன் மற்ற எல்லோரும் ஆசாரக்காரர் ஆகிவிட்டார்கள். இது எனக்கு அப்போதும் விளங்கவில்லை, இப்போதும் விளங்கவில்லை.

முப்பத்தோராம் நாளுக்கு அவர் வேலைக்கு லீவு போட்டுச் சமைத்தார். சோறு, பருப்பு, பூசணிக்காய், கீரை, பாயாசம். தகப்பனுக்குப் படைத்த பிறகு ஊரைக் கூப்பிட்டுச் சாப்பாடு போட வேண்டும். அதற்குத்தான் அமுது என்று பெயர். வந்து சாப்பிட்டால்தான் செத்தவருக்குப் போய்ச் சேரும். எல்லாக் கதவையும் தட்டிச் சொல்லியிருந்தார். நானும், மூன்றாம் மாடியில் இருந்த திருகோணமலை றோஸ்மேரி அக்காவும் போனோம். றோஸ்மேரி அக்கா சேர்ச்சுக்குப் போகிற வேதக்காரி, ஆஸ்பத்திரி வேலைக்காரி. அவர் இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டார். உருத்திரமூர்த்தி அண்ணைக்கு அன்றைக்கு ஓவர்ரைம். மிஞ்சிய சோற்றை அரியரத்தினம் அண்ணை அந்தக் கிழமை முழுக்கச் சூடுகாட்டிச் சாப்பிட்டார்.

ஆனியில் பல்கலைக்கழக மண்டபத்தில் படத்தைக் காட்டினார்கள். மிரேய் எல்லோரையும் கூப்பிட்டிருந்தாள். எங்கள் வீட்டாரும் போனார்கள், உருத்திரமூர்த்தி அண்ணை உட்பட. பழிக்கப் போனார்களா பார்க்கப் போனார்களா என்று எனக்குத் தெரியாது.

வாசலில் மிரேய் அவருடைய முகத்தைப் பார்த்துத் திகைத்தாள். முப்பத்தொன்று கழிந்தும் கொஞ்ச காலம் வழித்துவந்த மீசை பாதிதான் வளர்ந்திருந்தது. அவர் காரணத்தைச் சொன்னார். அவளுடைய கண் கலங்கியது.

"ஏன் எனக்குச் சொல்லவில்லை? ஒட்டு மீசை வைத்திருந்தோமே. ஒரு கிழமை தள்ளியும் வைத்திருப்பேனே."

அவர் மேல் உதட்டைத் தடவினார். பிறகு என் பக்கம் திரும்பித் தமிழில் சொன்னார். "களரியில எத்தின ஒட்டு மீசை வச்சி ஆடியிரிக்கன் மனே. எனக்கு அது மனசில வரல்லியே."

படம் தொடங்கியது. பனி, பஸ், உறைந்த கண்ணாடி. திரை முழுக்க அவருடைய முகம். தொப்பி, தடித்த மீசை, சிரிப்பு. வாயைத் திறந்தார். வழுவழுப்பான ஒரு பிரெஞ்சுக் குரல் வந்தது.

"கோட்-சாந்த்-கத்ரின்..."

சபை சிரித்துக் கைதட்டியது. அரியரத்தினம் அண்ணை திரும்பிப் பின்னால் பார்த்தார், யாரோ பின்வரிசையில் இருந்து பாடுகிறார்கள் என்பது போல. மறுபடியும் திரையைப் பார்த்தார். மறுபடியும் அவருடைய வாய் திறந்தது, மறுபடியும் அந்தக் குரல். அவர் போட்ட சுற்று இல்லை. இராகத்தையே மாற்றியிருந்தார்கள். கடைசியில் பனியில் அவர் ஆடிய ஆட்டம் இருந்தது. அதற்கும் அந்தக் குரல்தான்.

படம் முடிந்ததும் மிரேய் விளக்கம் சொன்னாள். பஸ் இரைச்சலில் ஒலி கெட்டுவிட்டதாம். ஸ்ரூடியோவில் ஒரு பாடகனை வைத்துப் பாட வைத்தார்களாம். அவரைக் கூப்பிட்டிருக்கலாம், ஆனால் உச்சரிப்பு எல்லோருக்கும் விளங்க வேண்டும் அல்லவா? "முகம் உங்களுடையதுதான், ஆரி. எல்லோரும் அந்த முகத்தைத்தான் விரும்புகிறார்கள்." அவள் கெட்டவள் இல்லை. அவளுக்கு அது ஒரு சின்ன விஷயம்.

வெளியே வந்தபோது உருத்திரமூர்த்தி அண்ணை சொன்னார்: "குரல் போனா என்ன ஐசே. மீசை கிடக்கெல்லே."

ஒருவரும் சிரிக்கவில்லை. அவருக்கே அது பிடிக்கவில்லை என்று முகத்தில் தெரிந்தது. ஆனாலும் சொல்லிவிட்டார்.

கசெற்றை மிரேய் பேச்சு மாறாமல் கொடுத்தாள். அவர் அதைத் துணியில் சுற்றித் தலைமாட்டில் வைத்திருந்தார். "குரல் ஆர்ர எண்டா என்ன? பிள்ள முகத்தப் பாக்கட்டும். அதுக்குத்தான கேட்டன்." ஆடிக் கடைசியில் இந்தியாவோடு ஒப்பந்தம் ஒன்று வந்து, ஊரில் பாதைகள் திறந்தன. தாயைப் பார்க்கப் போன றோஸ்மேரி அக்கா கசெற்றைக் கொண்டுபோய், மட்டக்களப்புக்கு ஆள் பிடித்து அனுப்பிவைத்தார்.

புரட்டாதியில் ஒரு ஞாயிறு காலை. அந்தக் கடைக்கு அவர் போன் எடுத்தார். நாங்கள் குசினியில் இருந்தோம். எங்களுக்கும் கேட்கிற மாதிரிக் கத்தித்தான் பேச வேண்டும், லைன் அப்படி.

"என்னகா கமலா, கசெற் வந்துதா? பிள்ள பாத்ததா?"

கமலாவதி சொன்னதை அவர் பிறகு சொன்னார். ஊர் முழுக்க வந்திருந்ததாம். கிளிக்குப் புதுச் சட்டை போட்டு ரீவிக்குக் கிட்ட இருத்தினார்களாம். கசெற்றைப் போட்டால் படம் வரவில்லை. கறுப்பு வெள்ளைக் கோடுகள் மேலே கீழே ஓடினவாம். டெக்கைத் தட்டிப் பார்த்தார்கள், வேறு டெக் கொண்டுவந்தும் போட்டுப் பார்த்தார்கள். அதிலும் கோடுதான். பாட்டு மட்டும், வேகம் பிசகிக் கேட்டதாம்.

கனடாக் கசெற் எங்கள் ஊர் டெக்கில் ஓடாது. இரண்டு நாட்டுக்கும் முறை வேறு. இப்போது எல்லோருக்கும் இது தெரியும். கல்யாணக் கசெற் அனுப்புகிறவர்கள் கடையில் கொடுத்து மாற்றித்தான் அனுப்புகிறார்கள். அப்போது எங்களில் ஒருவருக்கும் தெரியாது. மிரேய்க்கும் தெரிந்திருக்காது.

"பாட்டக் கேட்டதுதானே?" என்று அவர் கத்தினார்.

மறுமுனையில் கமலாவதி என்ன சொன்னாள் என்பது எங்களுக்கே கேட்டது. "கேட்டம். அது உங்கட குரல் இல்லியே. ஆர்ர குரல் அது?"

அந்தப் பக்கம் ரிசீவர் கை மாறுகிற சத்தம். பிறகு, அத்தனை வருடத்தில் முதல் தடவையாக, கிளி தானாகப் பேசினாள்.

"அப்பா, படம் வரல்ல."

"ஓம் மகள்."

"நீங்க இப்ப கூவுங்க. தாத்தா இரிக்கக்குள்ள கூவிக் காட்டுவார், உங்களப் போல. தாத்தாக்குச் சரியா வராது. கல்லடியில இரிந்து கூவுங்க."

அவர் மூச்சை இழுத்தார். தோள் உயர்ந்தது. கூவப் போகிறார் என்று நான் நினைத்தேன். அவருடைய கண் எங்கள் பக்கம் திரும்பியது. பிள்ளையார் படத்துக்குக் கீழே, கையைக் கட்டிக்கொண்டு நின்ற உருத்திரமூர்த்தி அண்ணையில் அது நின்றது. உயர்ந்த தோள் இறங்கியது.

"தாத்தாட ஆண்டு முடியட்டும் மகள்," என்றார். "ஆண்டு முடிஞ்ச மறுகா கூவுறன்."

"எப்ப முடியும்?"

"மாசியில."

"ம்," என்றாள் கிளி. அதோடு லைன் போய்விட்டது.

உருத்திரமூர்த்தி அண்ணை வந்து அவருடைய தோளில் கை வைத்தார். கஞ்சி பருக்கிய நாளுக்குப் பிறகு அவர் அவரைத் தொட்டது அதுதான் முதல். "இப்பதான் ஐசே சரியா நடந்திருக்கிறீர்," என்றார். தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தார். அரியரத்தினம் அண்ணை வாங்கிக் குடித்தார். எனக்கு அந்த இடத்தில் நிற்க முடியவில்லை. வெளியே போய்விட்டேன்.

ஐப்பசியில் ஊரில் திரும்பவும் சண்டை தொடங்கியது. மட்டக்களப்பு டவுனில் அந்தக் கடை எரிந்துபோனது. கமலாவதியும் கிளியும் உயிரோடு இருக்கிறார்கள், ஒரு பள்ளிக்கூடத்தில் மற்றவர்களோடு தங்கியிருக்கிறார்கள் என்று லண்டன் வழியாகச் செய்தி வந்தது. அங்கே போன் இல்லை. கிட்டடியில் எங்கேயும் போன் இல்லை.

மாசியில் ஆண்டுத் திவசம் வந்தது. உருத்திரமூர்த்தி அண்ணை முன்னின்று எல்லாம் செய்தார். இந்த முறை கட்டிடம் முழுக்க வந்து நிலத்தில் வரிசையாக இருந்து சாப்பிட்டது. பாயாசம் நன்றாயிருக்கிறது என்று எல்லோரும் சொன்னார்கள். வெள்ளிக்கிழமைப் பஜனைக்கும் அவரை முறையாகக் கூப்பிட்டார்கள். அவர் போனார், பின்வரிசையில் இருந்து கைத்தாளம் போட்டார். குரல் கொடுக்கச் சொன்னால் தொண்டை கட்டியிருக்கிறது என்றார். ஆண்டு முடிந்துவிட்டது, இனிப் பாடலாம் என்று உருத்திரமூர்த்தி அண்ணையே சொல்லிப் பார்த்தார். ஆண்டு முடிந்தால் கூவுகிறேன் என்று அவர் சொன்னது கிளிக்கு; அவள் இருந்த இடத்தில் அப்போதும் போன் இல்லை.

அவர் இப்போதும் அதே பஸ்ஸில்தான் வேலைக்குப் போகிறார். கண்ணாடிகள் உறைந்திருக்கும். வயதானவர்கள் தரிப்பைத் தவற விடுவார்கள். கம்பிக்குக் கிட்ட இடம் இருந்தாலும் அவர் போய் நிற்பதில்லை. ஜன்னலோரமாக இருந்து, மற்றவர்களைப் போல நகத்தால் பனியைச் சுரண்டி, எவ்விடம் வந்திருக்கிறது என்று பார்க்கிறார்.